தேதி போடு

எர்மின், நீ செத்த செய்தி வந்தபோது
பகாவ் ரயிலடிக்கு எதிரே
கோப்பிக் கடையில் இருந்தேன்.
உன் மகன் அனுப்பிய படத்தில்
மேயர் சங்கிலி கழுத்தில் கிடக்க
நீ சிரிக்கவில்லை.
"பல்லைக் காட்டத்தான் கூப்பிடுகிறார்கள்" என்பாய்
படமெடுக்க வருகிறவர்களைப் பார்த்து.

கோப்பி ஆறியது.
செம்பனைக் குலை ஏற்றிய லாரி
கடை வாசலில் நின்று மூச்சு வாங்கியது.

அறுபத்தொன்பதில், வடக்கு லண்டன் ஆஸ்பத்திரியில்
மலத்தட்டு கழுவும் அறையில் உன்னை முதலில் பார்த்தேன்.
பார்படோஸ் என்றாய்.
எனக்கு ஏதோ சோப்பின் பெயராகக் கேட்டது.
பகாவ் என்றேன்.
உனக்கு இருமலாகக் கேட்டதாம்.
உன் அப்பா? கரும்பு வெட்டு.
உன் அப்பா? பால்மரம் வெட்டு.
இரண்டு கத்தியையும் ஈரக்கையால்
காற்றில் வரைந்து காட்டிக்கொண்டோம்.
இவர்கள் தேநீருக்கு இனிப்பு உன் வீடு,
இவர்கள் காருக்கு டயர் என் வீடு.
தமிழில் சொல்லிக் காட்டினேன்:
சர்க்கரை, சக்கரம்.
இன்னொரு தரம் சொல் என்றாய்.
விடியும்வரை சொல்லிச் சிரித்தோம்.

வாடகை அறைக்குப் போன் பண்ணினால் "வா" என்பார்கள்.
கதவைத் திறந்து முகத்தைப் பார்த்ததும்
அறை "இப்போதுதான்" போயிருக்கும்.
மூன்றாவது கதவிலிருந்து திரும்பி வந்து
நான் அழுத இரவில்
வார்டு நோட்டு ஒன்றைத் திருடிக்கொண்டு வந்தாய்.
"தெரு. மணி. சொன்னது சொன்னபடி.
கோபத்தை எழுதாதே, அது உன்னிடமே இருக்கட்டும்.
தேதி போடு."

நாற்பத்தொன்று சேர்ந்ததும்
நகரசபை மாடத்தில் எழுந்து வாசித்தாய்.
நாலாவதை முடிக்குமுன்
இரண்டு போலீஸ் உன்னைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.
தேர்தலில் இரண்டு தரம் தோற்றாய்.
கடிதத் துளை வழியே எரியும் துணி விழுந்தது.
பலகை வைத்து அடைத்துவிட்டு,
"இனி தபால்காரர் என் முகத்தைப் பார்த்தே கொடுக்கட்டும்" என்றாய்.
ஒன்பது வருஷம் கழித்து
அதே சபையில், உனக்கென்று போட்ட நாற்காலியிலிருந்து
அதே நோட்டை, ஐந்தாவதிலிருந்து தொடங்கினாய்.
தொண்டையைக் கனைத்தார்கள். அவ்வளவுதான் முடிந்தது.

உன்னைச் சாமியாக்க மாட்டேன்.
என் கல்யாணத்துக்கு நீ வரவில்லை,
ஏதோ கூட்டமாம்.
கடன் வாங்கிய குடையையும் தரவில்லை.

ஒருமுறை பஸ்ஸில் கேட்டாய்:
"உங்கள் ஊரில் இப்படி இல்லையா?"
மேட்டில் துரை பங்களா,
நடுவில் கிராணி வீடு,
மழைத்தண்ணீர் வந்து தேங்கும் இடத்தில் எங்கள் லயம்.
"இல்லை" என்றேன்.
அவ்வளவு வேகமாக நான் எதற்குமே பதில் சொன்னதில்லை.

போன வாரம் தம்பி மகள் யாழரசி
சிரம்பானில் அறை தேடினாள்.
அவள் மலாய் சுத்தம். வாடகை பேசி முடிந்தது.
பெயர் கேட்டார்கள்.
"மன்னிக்கணும், இந்தியருக்கு விடுவதில்லை."
போனை மேசையில் கவிழ்த்துவிட்டு
"எல்லா இடமும் இப்படித்தான், அத்தை" என்று
ரொட்டியைப் பிய்த்தாள்.

சீனர் கடையில் நோட்டு வாங்கினேன்,
இரண்டு வெள்ளி இருபது காசு.
மணி, நம்பர், சொன்னது சொன்னபடி.
எழுதப்போன பேனா
இரண்டாம் பக்கத்துக்கு நகர்ந்தது.

முதல் பக்கம் ஒரு நாள் முழுக்கக் காலியாக இருந்தது, எர்மின்.
உன்னிடம் சொல்லாததை இன்று எழுதினேன்.

லயத்தின் கடைசி இரண்டு வீட்டுக்காரர்கள்.
எங்கள் வாசலில் அவர்களுக்குத் தனித் தகரக் குவளை.
வைத்தது: என் அம்மா.
விரல் படாமல், உயரத்திலிருந்து
கோப்பி ஊற்றியது: நான்.
தேதி:
தினமும்.